டிராக்டர் நின்ன கணக்கு

எங்க வீட்டுப் பரண்ல இருபத்தஞ்சு வருஷத்து டைரிகள் கிடக்கு. எல்லாம் உரக்கடையில வருஷா வருஷம் ஓசியில கொடுத்தது. உள்ளே இலக்கியம் ஒண்ணும் கிடையாது. டிராக்டர் இன்னைக்கு யார் வயலுக்குப் போச்சு, எத்தனை மணி நேரம் ஓடுச்சு, டீசல் எத்தனை லிட்டர், யார் காசு கொடுத்தா, யார் அறுப்பு முடிஞ்சு தர்றேன்னு சொன்னா, அவ்வளவுதான். அதுல 2009-ஆம் வருஷத்து டைரி மட்டும் தனியா ஒரு மஞ்சப்பையில சுத்தி பீரோவுல இருக்கு. அது கோர்ட்டுக்குப் போய்ட்டு வந்த டைரி.

போன மாசம் மதுரையிலிருந்து வந்திருந்த ஒரு நண்பர், “எங்க ஏரியாவுல ஒரு பாலம் பாதியில நிக்குது, ஏழு வருஷமா கேஸ் நடக்குதாம். அப்படி என்னதான் சண்டை போடுவாங்க?”ன்னு கேட்டார். அந்தப் பாலத்தைப் பத்தி எனக்கு ஒண்ணும் தெரியாது. ஆனா கேஸ்ல என்ன பேசுவாங்கன்னு கொஞ்சம் தெரியும். நான் ஒரு தடவை கூண்டுல ஏறியிருக்கேன்.

எங்க ஊர்க் கண்மாய்க்கு ஆயக்கட்டு 140 ஏக்கர். எனக்கு அதுல மூணு ஏக்கர். 2009 மார்ச்சுல கண்மாய் வேலைக்கு அரசாங்க ஒப்பந்தம் ஒண்ணு வந்துச்சு. கரையைப் பலப்படுத்தணும், கலுங்கை ரிப்பேர் பண்ணணும், சின்ன மடை, பெரிய மடை ரெண்டையும் இடிச்சுப் புதுசா கட்டணும். மொத்தம் 38 லட்சம். மார்ச் 15-லிருந்து ஆகஸ்ட் 14 வரை அஞ்சு மாசம் கெடு. தாளில் பார்த்தா அருமையான கணக்கு. கோடையில கண்மாய் காய்ஞ்சிருக்கும், ஐப்பசிக்கு முன்னாடி வேலை முடிஞ்சிரும்.

வேலையை எடுத்தவர் பெரிய கம்பெனிக்காரர் இல்லை. பக்கத்து டவுன்ல இருக்கிற சின்ன காண்ட்ராக்டர். எனக்குத் தூரத்து உறவு, அண்ணன் முறை. என் டிராக்டரும் டிப்பரும் மண் அடிக்க அவர்கிட்ட வாடகைக்குப் போச்சு. ஓடுற நாளுக்கு 1,200, வேலையில்லாம நின்னா பாதி, 600. நின்ன நாள்ல நான் வேற உழவுக்கு எடுத்துக்கிட்டா அந்தப் பாதியும் கிடையாது. வாய்ப்பேச்சுதான்.

ஏப்ரல், மே ரெண்டு மாசமும் கரை வேலை நல்லா நடந்தது. சின்ன மடையும் முடிஞ்சது. அதுக்கப்புறம் பெரிய மடைப் பக்கம் போனா கரை முழுக்க சீமைக்கருவேல். மரத்தைக் காண்ட்ராக்டர் வெட்ட முடியாது, ஏலம் விட்டு ஏலம் எடுத்தவன்தான் வெட்டணும். ஏலம் தள்ளித் தள்ளிப் போச்சு. அதோட பெரிய மடையோட வரைபடத்தை மாத்தணும்னு மேலிருந்து சொல்லிட்டாங்க. மாத்துன வரைபடம் வரலை. ஜூன் 10-லிருந்து ஆகஸ்ட் 10 வரை, 62 நாள், வேலை நின்னு போச்சு. ஜூலை 22-ல மரம் வெட்டி முடிச்சாங்க, ஆகஸ்ட் 8-ல வரைபடம் வந்துச்சு.

செப்டம்பர் முடிய நீட்டிப்பு கொடுத்தாங்க. செப்டம்பர் நடுவுல பழைய மடையை இடிச்சாங்க. புதுசு இடுப்பளவு எழும்பினப்போ, புரட்டாசி கடைசியில மழை பிடிச்சது. நம்ம பக்கம் மழை வந்தா ஆடுவோம். அன்னைக்கு ஊரே மண்வெட்டியோட கரையில நின்னுச்சு. மணல் மூட்டை அடுக்கினோம், தென்னமட்டை போட்டு மண்ணு தள்ளினோம். ரெண்டாவது நாள் ராத்திரி எல்லாம் அரிச்சுக்கிட்டுப் போச்சு. வந்த தண்ணி வந்த வேகத்துல வாய்க்கால் வழியா ஓடி, அடுத்த ஊர்க் கண்மாயைத் தாண்டி எங்கேயோ போய்ச் சேர்ந்தது. ஏற்கெனவே புழுதியில விதைச்சிருந்தோம். மழைத்தண்ணியில பயிர் வந்துச்சு, மார்கழி வரைக்கும் பச்சையா நின்னுச்சு. பால் பிடிக்கிற நேரத்துல பாய்ச்சக் கண்மாயில தண்ணி இல்லை. என் மூணு ஏக்கருக்குச் செலவு மட்டும் 33,000. அறுத்தது மாட்டுக்கு.

ஜனவரி 2010-ல ஒப்பந்தத்தை ரத்து பண்ணிட்டாங்க. முடிச்ச வேலை 14 லட்சம், மீதி 24 லட்சம். பாதுகாப்பு வைப்புத் தொகையும் பில்லுல பிடிச்சு வச்சதும் சேர்த்து 1,46,000-ஐப் பறிமுதல்னு சொல்லிட்டாங்க. மீதி வேலையை வேற ஆளுக்கு 31 லட்சத்துக்குக் கொடுத்தாங்க, அதுவும் பதினாலு மாசம் கழிச்சு. பழைய விலைக்கும் புது விலைக்கும் உள்ள வித்தியாசம் 7 லட்சத்தை நீதான் கட்டணும்னு அண்ணனுக்கு ஒரு நோட்டீஸ். அவர் 2012-ல சப் கோர்ட்டுல கேஸ் போட்டார். வைப்புத் தொகையைத் திருப்பிக் கொடு, 7 லட்சத்தை ரத்து பண்ணு, என் நஷ்டத்தைக் கொடுன்னு.

2017-ல ஒரு சாயந்திரம் அண்ணன் வீட்டுக்கு வந்தார். முடி பூரா நரைச்சிருந்தது. காப்பியைக் கையில வச்சுக்கிட்டே, “தம்பி, நீ வந்து ஒரு வார்த்தை சொல்லணும். உன் வண்டி 62 நாள் சும்மா நின்னதுக்கு நீதான் சாட்சி”ன்னார்.

“சரிண்ணே, நின்னது நெசந்தானே, சொல்றேன்”னு யோசிக்காம சொல்லிட்டேன்.

அவர் போனதுக்கப்புறம் டைரியை எடுத்துப் பார்த்தேன். ஆடி மாசம் யாராவது டிராக்டரைச் சும்மா நிறுத்தி வைப்பானா? 62 நாள்ல 41 நாள் வண்டி ஊர்க்காரங்க கொல்லையில உழுதிருக்கு. சும்மா நின்னது 21 நாள். அதுக்கு 600 வீதம் 12,600 வாங்கியிருக்கேன். தேதியோட எழுதியிருக்கு.

அப்போதான் இன்னொண்ணும் ஞாபகம் வந்துச்சு. அந்த வருஷம் தீபாவளிக்கு முன்னாடி அண்ணன் ஒரு வவுச்சர் புத்தகத்தை நீட்டி, “ஆடிட்டர் கேக்குறாரு, கையெழுத்துப் போட்டு வை”ன்னார். வெத்து வவுச்சர். போட்டேன். என் வீட்டுக்காரம்மா அடுப்படியிலிருந்து கேட்டுக்கிட்டு இருந்தவ, “வெறுந்தாள்ல கையெழுத்துப் போட்டா அதுல அவுக என்ன வேணா எழுதலாம்ல?”ன்னா. எழுதியிருந்தார். மறுநாள் வக்கீல் ஆபீஸ்ல பார்த்தேன். 62 நாள், 1,200 வீதம், 74,400. கீழே என் கையெழுத்து, நல்லா அழகா.

அண்ணனோட வக்கீல் நிதானமான மனுஷர். எனக்குச் சட்டம் சொல்லிக்கொடுத்ததே அவர்தான், அதனால அவரைக் குறை சொல்ல மனசு வரலை. அன்னைக்கு அவர் சொன்னது இவ்வளவுதான். ஒப்பந்தத்தை மீறினவன் நஷ்டஈடு கொடுக்கணும்னு 1872-ஆம் வருஷ ஒப்பந்தச் சட்டத்துல 73-ஆவது பிரிவு சொல்லுது. எந்த நஷ்டத்துக்கு? அந்த மீறலால இயல்பா வர்ற நஷ்டம், இல்லேன்னா கையெழுத்துப் போடும்போதே இது வரும்னு ரெண்டு பேருக்கும் தெரிஞ்சிருந்த நஷ்டம். தூரத்து நஷ்டத்துக்குக் கிடையாது. அதே பிரிவோட விளக்கத்துல இன்னொரு வரி இருக்கு. நஷ்டத்தைக் குறைச்சுக்க வழி இருந்திருந்தா அதையும் கணக்குல எடுக்கணும். “உங்க டிராக்டர் கேஸ் அந்த வரியிலதான் மாட்டுது. நின்ன வண்டி வேற இடத்துல சம்பாதிச்சா, அங்கே நஷ்டம் இல்லை”ன்னார்.

இந்தச் சட்டத்துக்குப் பின்னாடி ஒரு மாவு மில் கதை உண்டு. இங்கிலாந்துல குளோஸ்டர்ங்கிற ஊர்ல மில்லோட தண்டு உடைஞ்சு போச்சு. அதை மாதிரியே புதுசு செய்ய, உடைஞ்சதை கிரீனிச்சுக்கு அனுப்பினாங்க. எடுத்துட்டுப் போனவங்க தாமதம் பண்ணிட்டாங்க. அத்தனை நாளும் மில் ஓடலை. மில் ஓடாத லாபத்தைக் கொடுன்னு கேட்டதுக்கு, 1854-ல கோர்ட்டு முடியாதுன்னு சொல்லிடுச்சு. மில்காரங்ககிட்ட மாற்றுத் தண்டு இல்லை, இது வர்ற வரைக்கும் மில் நிக்கும்ங்கிறது வண்டிக்காரனுக்குத் தெரியாதே, அந்த நஷ்டத்தை அவன் தலையில எப்படிக் கட்டுறதுன்னு. ஹாட்லி, பாக்சண்டேல்னு ரெண்டு பேர் பெயரையும் சேர்த்துச் சொல்ற அந்தக் கேஸை இன்னைக்கும் நம்ம கோர்ட்டுகள்ல சொல்றாங்க.

எனக்கு உடனே எங்க நெல்லு ஞாபகம் வந்துச்சு. “சார், ஐப்பசியில கண்மாய் நிறையும்னு காண்ட்ராக்டருக்கும் தெரியும், ஆபீசருக்கும் தெரியும். மடை இல்லாட்டா பயிர் காயும்னு சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அப்போ எங்க நஷ்டம்?”

அவர் கண்ணாடியைக் கழட்டித் துடைச்சார். “நீங்க ஒப்பந்தத்துல கையெழுத்துப் போடலையே.”

அவ்வளவுதான் பதில். 140 ஏக்கர் ஆயக்கட்டு அந்த ஒப்பந்தத்தோட முதல் பக்கத்துல இருக்கு, வேலையோட நோக்கம்ங்கிற இடத்துல. ஆனா நாங்க கட்சி இல்லை.

சரி, வவுச்சருக்கு வருவோம். டைரியைப் பத்திச் சொன்னேன். வக்கீல் கொஞ்ச நேரம் பேசலை. அண்ணன்தான் பேசினார். “தம்பி, நான் நகையை அடகு வச்சு வேலை பார்த்தேன். அஞ்சு வருஷமா வாய்தாவுக்கு நடக்குறேன். அவங்க செஞ்ச தப்புக்கு நான் தெருவுல நிக்கிறேன். நீ இப்போ 21 நாள், 41 நாள்னு பிரிச்சுக் கணக்குப் பாக்குறியா?” அதுல பாதி நியாயம் இருந்துச்சு, அதனாலதான் எனக்குத் தொண்டை அடைச்சது. கடைசியில என் வாக்குமூலத்துல நாள் கணக்கில்லாம, “அந்தக் காலத்தில் என் டிராக்டர் பணியிடத்தில் வேலையின்றி நிறுத்தப்பட்டிருந்தது”ன்னு ஒரு வரி எழுதினாங்க. பொய்யில்லை. முழுசும் இல்லை. “கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க”ன்னார் வக்கீல்.

கோர்ட்டுல டவாலி மூணு தடவை என் பெயரைக் கூப்பிட்டார். மூணு தடவையும் என் பெயரைத் தப்பாத்தான் கூப்பிட்டார், அது வேற விஷயம். அரசு வக்கீல் வயசுல சின்னவர். நான் விவசாயியான்னு கேட்டார், எத்தனை ஏக்கர்னு கேட்டார். எங்க ஊர்ல வேற எத்தனை டிராக்டர் இருக்குன்னு கேட்டார். “அப்போ ரெண்டுதான்.” “ஆடி மாசம் உங்க ஊர்ல உழவு இல்லையா?” “இருந்துச்சு.” “யார் உழுதது?”

அந்தப் பையன் எங்கேயோ கிராமத்துல பிறந்தவனாத்தான் இருக்கணும்.

ஜட்ஜம்மா பேனாவைக் கீழே வச்சுட்டு, “பெரியவரே, கணக்கு எழுதி வச்சிருக்கீங்களா?”ன்னு நேராக் கேட்டாங்க. எனக்கு அப்போ நாப்பத்தெட்டு வயசுதான், பெரியவர்னதுல ஒரு நிமிஷம் வாய் அடைச்சுப் போச்சு. “இருக்கும்மா”ன்னேன். அடுத்த வாய்தாவுக்குக் கொண்டுவரச் சொன்னாங்க. கொண்டு போனேன். 62 நாளோட பக்கங்களை ஜெராக்ஸ் எடுத்து, அசலோட ஒப்பிட்டு, நம்பர் போட்டுக் குறிச்சுக்கிட்டு அசலை என்கிட்டயே கொடுத்துட்டாங்க. எவ்வளவு பணம் கைக்கு வந்துச்சுன்னு கேட்டதுக்கு 12,600-ன்னு சொன்னேன். வவுச்சர் வெத்தா இருந்தப்போ கையெழுத்துப் போட்டேன்னும் சொன்னேன். அண்ணன் கதவுப் பக்கம் நின்னுக்கிட்டு இருந்தார். நான் அந்தப் பக்கம் திரும்பலை. சாட்சிப் படின்னு கொடுத்த காசுல வர்ற வழியில டீ குடிச்சேன், இறங்கவே இல்லை.

அதுக்கப்புறம் இந்த விஷயத்துல ஒரு கிறுக்குப் பிடிச்சுப் போச்சு எனக்கு. வக்கீல்கிட்டயே தீர்ப்புகள் வாங்கிப் படிக்க ஆரம்பிச்சேன், புரியாத இடத்தை அவர்கிட்டயே கேட்டேன். படிச்சதுல மனசுல நின்னது உருளைக்கிழங்கு கேஸ். 1947-ல மிலிட்டரிக்கு உருளைக்கிழங்கும், கோழி, முட்டை, மீனும் சப்ளை பண்ண மௌலா பக்ஷ்னு ஒருத்தர் ரெண்டு ஒப்பந்தம் போட்டார். வைப்புத் தொகை 10,000-மும் 8,500-மும். ஒழுங்கா சப்ளை பண்ணலைன்னு அரசாங்கம் ஒப்பந்தத்தை ரத்து பண்ணி, வைப்பை எடுத்துக்கிச்சு. கேஸ் உச்ச நீதிமன்றத்துல முடிஞ்சது 1969-ல. கோர்ட்டு கேட்டது எங்க சந்தையில எந்த வியாபாரியும் கேக்கிற கேள்விதான். அவன் கொடுக்காத உருளைக்கிழங்கை நீ வெளியே என்ன விலைக்கு வாங்கினே? மார்க்கெட் விலையைக் காட்டி நஷ்டத்தை நிரூபிச்சிருக்கலாமே, ஏன் காட்டலை? காட்டலைன்னா வைப்பை எடுத்துக்க முடியாது. இருபத்திரண்டு வருஷம் கழிச்சு அந்த 18,500 திரும்பி வந்தப்போ அதுல எத்தனை மூட்டை கிழங்கு வாங்கியிருக்கலாம்னு எனக்கு நானே கணக்குப் போட்டுப் பார்த்துட்டு விட்டுட்டேன்.

இன்னொரு கேஸ் 1987-ல, கர்நாடகா அரசுக்கும் ஒரு அரிசி ஆலைக்கும். ஒப்பந்தத்தை மீறினது யாருங்கிறதே தகராறா இருக்கும்போது, ஒரு கட்சியான அரசாங்கமே மீறல்னு தீர்ப்புச் சொல்லி, நஷ்டத்தையும் தானே நிர்ணயம் பண்ண முடியாதுன்னு உச்ச நீதிமன்றம் சொல்லிடுச்சு. அண்ணனுக்கு வந்த 7 லட்ச ரூபாய் நோட்டீஸுக்கு எதிரா அவரோட வக்கீல் இதைத்தான் முதல்ல எடுத்து வச்சார்.

அரசு வக்கீல் எடுத்து வச்சது 2015-ஆம் வருஷத்து டெல்லி கேஸ். டெல்லி வளர்ச்சி ஆணையத்துக்குக் கழிவுநீர் பம்பிங் ஸ்டேஷன் கட்டுற ஒப்பந்தம், காண்ட்ராக்டர் தாமதம். பொதுமக்களுக்கான வேலை தாமதமானா ஊருக்கு நஷ்டம் வரத்தான் செய்யும், சுற்றுச்சூழல் கெடும், போட்ட முதலுக்கு வட்டி நட்டம், அதை ரூபாய் பைசாவுல நிரூபிக்கச் சொல்ல முடியாதுன்னு உச்ச நீதிமன்றம் ஒத்துக்கிச்சு. ஆனா எவ்வளவுங்கிறதுக்கு ஆணையமும் ஒரு சான்றும் கொடுக்கலை. அதனால கேட்டதுல பாதி. இவ்வளவு பெரிய கோர்ட்டு, கடைசியில எங்க ஊர்ப் பஞ்சாயத்து மாதிரி பாதின்னு பிரிச்சது எனக்குப் பிடிச்சிருந்தது.

இதை வச்சு அரசுத் தரப்பு எழுதிக் கொடுத்த வாதத்தை நான் படிச்சேன். “வாதியின் தாமதத்தால் 140 ஏக்கர் ஆயக்கட்டு விவசாயிகள் சாகுபடி இழந்து பெரும் நஷ்டத்துக்கு ஆளாகினர்.” அடேயப்பா! எங்களுக்கு நிவாரணம் கேட்டு நாங்க மூணு மனு கொடுத்தப்போ, அடங்கல்ல சம்பா நெல் சாகுபடின்னு பதிவாகியிருக்கு, கருகினதா பதிவு இல்லைன்னு திருப்பி அனுப்பினாங்க. அதே நஷ்டம் இங்கே பெரும் நஷ்டமா நிக்குது. ஜெயிச்சா பணம் கருவூலத்துக்குப் போகும். எங்க கருகின நெல்லு காகிதத்துல ஒரு தடவை பூத்துச்சு, அது அடுத்தவன் அறுவடைக்கு.

காண்ட்ராக்டர் பக்கக் கணக்குலயும் இப்படி ஒரு விளையாட்டு உண்டு. மீதி 24 லட்சம் வேலையைச் செய்ய விட்டிருந்தா எனக்கு 15 சதவீதம் லாபம் கிடைச்சிருக்கும், 3,60,000 கொடுங்கன்னு அண்ணன் கேட்டிருந்தார். இந்த 15 சதவீதம் ஆகாயத்துலருந்து வந்ததில்லை. 1984-ல குஜராத் ரோடு ஒப்பந்தக் கேஸ் ஒண்ணுல உச்ச நீதிமன்றம் அப்படிக் கொடுத்திருக்கு. அதுலருந்து எல்லா வக்கீலும் அதைப் பிடிச்சுக்கிட்டாங்க. தாமதத்துக்கு ஹட்சன் சூத்திரம்னு இன்னொண்ணு இருக்கு. ஒப்பந்தத்துல மேல்செலவும் லாபமும் எத்தனை சதவீதமோ அதை மாசத்துக்கு வகுத்து, தாமதமான மாசத்தால பெருக்கு. அண்ணன் வேலைக்குப் போட்டா 38 லட்சத்துல 15 சதவீதம் 5,70,000, அஞ்சு மாசத்துக்கு வகுத்தா மாசம் 1,14,000. சும்மா உட்கார்ந்தா மாசம் ஒரு லட்சத்துக்கு மேலன்னா யாருக்குக் கசக்கும்? இந்தச் சூத்திரம் ஒண்ணை மனசுக்குள்ளயே வச்சுக்குது. இந்த வேலை இழுக்காம இருந்திருந்தா அதே லாபத்துல வேற வேலை கிடைச்சிருக்கும்ங்கிறதை. அதை நிரூபிக்கணும்ல? டெல்லியில தூர்தர்ஷன் பவன் கட்டின காண்ட்ராக்டர் 42½ மாச தாமதத்துக்கு லாப நஷ்டம் கேட்ட கேஸ்ல, 2023-ல உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது. தாமதம் உண்மை, ஆனா அதனால எந்த வேலை கைநழுவிப் போச்சுன்னு ஒரு சான்றும் இல்லை, வெறும் சூத்திரத்தை வச்சுப் பணம் கொடுக்க முடியாது.

எங்க கேஸ் தீர்ப்பு 2019-ல வந்துச்சு. முதல்ல தவறினது அரசுத் தரப்புதான், இடத்தையும் வரைபடத்தையும் நேரத்துல கொடுக்கலை, அதனால ரத்து செல்லாதுன்னு ஜட்ஜம்மா எழுதியிருந்தாங்க. அதுக்கு ஆதாரமா ரெண்டு இடத்துல என் டைரியைச் சொல்லியிருந்தாங்க. ஜூன் 24-ல நான் எழுதினது: “மரம் வெட்டலை, வண்டி திரும்பிருச்சு.” வைப்புத் தொகை 1,46,000 திரும்பக் கொடுக்கணும். 7 லட்சம் கிடையாது. ரெண்டாவது டெண்டர்ல பழைய வேலையில இல்லாத கல் பாவற வேலையையும் சேர்த்துட்டாங்க, பதினாலு மாசம் தாமதிச்சு ஏறின விலையையும் இவர் தலையில வைக்க முடியாதுன்னும் ஒரு பத்தி. லாபம் 15 இல்லை, அவரோட வருமான வரிக் கணக்குல தெரிஞ்ச 8 சதவீதம், 1,92,000.

இயந்திரமும் ஆளும் சும்மா நின்ன கணக்குல மொத்தம் கேட்டது 3,84,400. அதுல என் டிராக்டருக்கு 12,600. மிச்சம் கலவை மிஷின், ஜேசிபி, ஆள் கூலி எல்லாத்துக்கும் பூஜ்யம். ஒரு வவுச்சர் வெத்துத்தாள்ல வாங்கினதுன்னு சாட்சியே சொல்லிட்ட பிறகு, மத்த வவுச்சரை நம்ப முடியலைன்னு காரணம். அதுல ஜேசிபிக்காரருக்கு நெசமாவே பணம் கொடுத்தார். நான் பக்கத்துல இருந்து பார்த்திருக்கேன்.

தீர்ப்பு வந்த அன்னைக்கு அண்ணன் எனக்கு போன் பண்ணலை. ஆறு மாசம் கழிச்சு ஒரு கல்யாண வீட்டுல பந்தியில எதிரெதிரா உட்கார்ந்தோம். “உன் டைரியால ஜெயிச்சேன்டா தம்பி, உன் டைரியாலயே தோத்தேன்”னார். சிரிச்சுக்கிட்டேதான் சொன்னார். ரசம் ஊத்துறவன் வந்துட்டான். அரசுத் தரப்பு அப்பீல் போயிருக்கு. அவருக்கு இன்னும் கைக்குப் பணம் வரலை.

இதுவரைக்கும் யார்கிட்டயும் சொல்லாத ஒண்ணு இருக்கு. கோர்ட்டுல குறிச்ச பக்கங்கள் ஆகஸ்ட் 10-ஓட முடிஞ்சு போச்சு, கேட்டது அந்த 62 நாளைத்தான். ஆகஸ்ட் 11-லிருந்து செப்டம்பர் 2 வரைக்கும் உள்ள பக்கங்களை யாரும் புரட்டலை. மரம் இல்லை, வரைபடம் வந்தாச்சு, வானம் வெளுத்துக் கிடந்துச்சு. அந்த மூணு வாரமும் பெரிய மடைக்கு ஒரு கொத்தனாரும் வரலை. டவுன்ல அண்ணன் கட்டிக்கிட்டு இருந்த கல்யாண மண்டபத்துக்கு எல்லாரையும் கூட்டிட்டுப் போயிருந்தார். “கொத்தனார் இல்லை”ன்னு என் கையெழுத்துல ஒன்பது இடத்துல இருக்கு. அந்த மூணு வாரம் இருந்திருந்தா மடை எழும்பியிருக்கும், கதவு மாட்டியிருக்கலாம். மழைக்கு முன்னாடி இல்லாட்டாலும், மழையோட மழையா அடைச்சிருக்கலாம்.

கேட்டதுக்கு மட்டும் பதில் சொன்னேன். அந்த மூணு வாரத்தைச் சொல்லியிருந்தா கணக்கு எப்படி மாறியிருக்கும்னு ஒரு தடவை வக்கீல்கிட்ட, வேற யாரோ ஒருத்தர் கேஸ் மாதிரி கேட்டுப் பார்த்தேன். அவர் என்னை ஒரு பார்வை பார்த்துட்டு, “அப்பீல் நடக்குது, அதை இப்போ பேச வேண்டாம்”ன்னார்.

எங்க தெருவுல அந்த வருஷம் பயிர் போனதுல ரெண்டு வீடு திருப்பூருக்குப் போயிருச்சு. அதுல ஒரு வீட்டுப் பெரியம்மா பொங்கலுக்கு வந்தா என்னைப் பார்த்து, “கோர்ட்டுல நம்ம ஊரைப் பத்தி எழுதியிருக்காகளாமே, நமக்கு ஏதாச்சும் வருமாப்பா?”ன்னு கேக்கும். இந்தப் பொங்கலுக்கும் கேட்டுச்சு. “அப்பீல்ல இருக்கு பெரியம்மா”ன்னேன்.

பெரிய மடை இப்போ நல்லாத்தான் இருக்கு. கதவுத் திருகுல மட்டும் கிரீஸ் போடணும், இல்லேன்னா ரெண்டு ஆள் பிடிச்சுத் திருக வேண்டியிருக்கு. நாளைக்குக் காலையில போய்ப் போட்டுட்டு வரணும்.